அக்கரைச் சுற்றுலா

சாந்தாமணி வேலை பார்த்த ஹூஸ்டன் கம்பெனி, தொண்ணூற்றொன்பது மார்ச்சில், ஊழியர்களைக் குடும்பத்தோடு மெக்சிகோவுக்கு ஒருநாள் சுற்றுலா அழைத்துப் போனது. இரு நாட்டுக்கும் எல்லையான ரியோ கிராண்டே நதி கடலில் கலக்கும் டெல்டாவில் படகுச் சவாரி.

அவளோடு வந்த சேனாபதிக்கு எதுவும் பிடிக்கவில்லை.

"இதெல்லாம் ஒரு டெல்டாவா? எங்க ஊர் வாய்க்கால்ல இதைவிடத் தண்ணி ஓடும்."

கைடு நாரைகளைக் காட்டினார். "பறவைகூட அமெரிக்கா பக்கம்தான் உட்காருது" என்று சிரித்தார் சேனாபதி.

"கொஞ்சம் சும்மா வாங்க" என்றாள் சாந்தாமணி.

"கம்பெனிக்கு இந்த டூரை செலக்ட் பண்ணிக் கொடுத்ததே நீதானே? கம்ப்யூட்டர்ல கோடு எழுதறதைத் தவிர உனக்கு என்ன தெரியும்?"

உடன் வந்தவர்கள் ஆற்றைப் பார்ப்பதுபோல் திரும்பிக்கொண்டார்கள்.

மாலையில் எல்லைப் பாலத்தில் அமெரிக்க அதிகாரி சேனாபதியின் பாஸ்போர்ட்டைப் புரட்டினார்.

"மனைவியின் வேலையைச் சார்ந்த டிபென்டென்ட் விசா. உங்கள் மனைவி எங்கே?"

சேனாபதி சாந்தாமணியைக் காட்டினார்.

"உங்கள் கணவரா?" என்று அவளிடம் கேட்டார் அதிகாரி.

"போன வாரம் வரைக்கும். வெள்ளிக்கிழமை டிவோர்ஸ் ஆகிவிட்டது."

"பிறகு ஏன் சேர்ந்து வந்தீர்கள்?"

"முன்பே பெயர் கொடுத்திருந்தோம். ஓசி டூரை விட அவருக்கு மனசில்லை."

சேனாபதி அவள் பக்கம் குனிந்தார். "சாந்தா, விளையாடாதே. ஹஸ்பண்டுன்னு ஒரு வார்த்தை சொல்லு. இல்லைன்னா என்னை உள்ளே விடமாட்டாங்க."

"ஒண்ணுக்கும் உதவாத பொண்டாட்டின்னு ஜட்ஜ்கிட்ட சொல்லி நீங்கதானே டிவோர்ஸ் வாங்கினீங்க?"

சாந்தாமணி பஸ்ஸில் ஏறி, இரண்டு பேர் சீட்டில் தாராளமாகச் சாய்ந்துகொண்டாள்.