காளைமேட்டில் மஞ்சள் கொடி

காட்டை விட்டு வெளியே வந்ததும் யூடித் மஞ்சள் கொடியைப் பார்த்தாள்.

காளைமேட்டின் உச்சியில், பாதையின் ஓரத்தில் ஆரஞ்சு ஜாக்கெட் போட்ட ஒருவர் அதை இரண்டு கைகளாலும் ஆட்டிக்கொண்டிருந்தார்.

மஞ்சள் கொடி என்றால் நிற்க வேண்டும்.

அவளுக்கு நிற்க மனமில்லை. சீசனின் கடைசிப் பனிச்சறுக்குப் பந்தயம். முதல் பதினைந்து பேருக்குள் வந்தால் அணியில் இடம். இல்லையென்றால் திங்கட்கிழமை முதல் மாமாவின் ஹோட்டலில் படுக்கை விரிப்பு மாற்றும் வேலை. இன்று மேலிருந்து ஒரு வளைவுகூடப் பிசகவில்லை. இப்படி ஓர் ஓட்டம் அவளுக்கு இதுவரை வாய்த்ததே இல்லை.

காலில் மாட்டியிருந்த ஸ்கீ பலகைகளைக் குறுக்கே திருப்பினாள். விளிம்புகள் இறுகிய பனியைக் கீறி அலறின. அவள் நின்றபோது கொடிக்காரரின் முழங்கால்வரை பனித்தூள் அப்பியிருந்தது.

"யோவ், உனக்குக் கண்ணு இல்லையா? நான் எப்படி வந்துட்டிருந்தேன் தெரியுமா?"

"தெரியும். நல்லாத்தான் வந்தே. ஓரமா வா. மறுபடி ஓட விடுவாங்க."

"மறுபடியா? கால்ல இருந்த தெம்பெல்லாம் தீர்ந்துபோச்சு. நீ வந்து ஓடுறியா எனக்குப் பதிலா?"

"நான் ஓடினா நாளைக்குத்தான் கீழ வந்து சேருவேன். ஓரமா வா பொண்ணு."

சிரிக்காமல் சொன்னார். கண்கள் அவள்மேல் இல்லை. அவள் தலைக்கு மேலாக, காடு முடியும் இடத்தில் இருந்தன. கொடி ஆடிக்கொண்டே இருந்தது.

மேட்டுக்கு அந்தப் பக்கம் என்ன இருக்கிறதென்று மேலிருந்து வருபவருக்குத் தெரியாது. அங்கே பாதை சட்டென்று சரியும். பந்தயக்காரர்கள் அந்த இடத்தில் காற்றில் பறந்துதான் இறங்குவார்கள்.

யூடித் ஓரமாக நகர்ந்து எட்டிப் பார்த்தாள்.

பாதையின் நடுவில் ஒருத்தி கிடந்தாள். எண் இருபத்திரண்டு. யூடித்துக்குச் சற்று முன்னால் கிளம்பியவள். ஒரு காலில் ஸ்கீ இல்லை. முதலுதவிக்காரர்கள் இருவர் அவளுக்கு இருபுறமும் மண்டியிட்டிருந்தார்கள். தூக்கிப் போகவில்லை. தொடவே பயப்படுகிறவர்கள்போல இருந்தார்கள்.

யூடித் வந்து இறங்கியிருக்க வேண்டிய இடம் அதுதான்.



கொடிக்காரர் ஒரு கையால் வயர்லெஸ்ஸை அழுத்தினார். "மேல யாரு? காளைமேட்டுலேர்ந்து பேசுறேன். யாரையும் விடாதீங்க. கேக்குதா?"

கரகரப்பு மட்டும் வந்தது. இன்னொரு முறை சொன்னார். மறுபடியும் கரகரப்பு.

மேலே நிறுத்திவிட்டார்களா, அடுத்தவள் கிளம்பிவிட்டாளா, தெரியாது. தெரியும்வரை கொடிக்காரர் மேலேதான் பார்க்க வேண்டும். பந்தய நாள் காலையில் கொடிக்காரர்களுக்கு அழுத்திச் சொல்லப்படுவது அது ஒன்றுதான். கீழே என்ன நடந்தாலும் திரும்பாதே. திரும்பிப் பார்த்து முடிப்பதற்குள் ஒருத்தி மேட்டைத் தாண்டிவிடுவாள்.

அவர் திரும்பவில்லை.

"அசையிறாளா?" என்றார்.

தன்னைத்தான் கேட்கிறார் என்று யூடித்துக்கு உடனே புரியவில்லை.

"இல்ல."

அவர் தலையை ஆட்டினார். "பாத்துட்டே இரு. பாத்துச் சொல்லு."

அவள் பார்த்தாள். முதலுதவிக்காரர்களில் ஒருவர் குனிந்து, கீழே கிடந்தவளின் ஹெல்மெட் அருகே காதைக் கொண்டுபோனார்.

"இப்ப?"

"இன்னும் இல்ல."

கொடி ஒரே சீராக ஆடியது. கையுறைகளை அவர் எங்கோ கழற்றிப் போட்டிருந்தார். கழியைப் பிடித்திருந்த விரல்கள் வெளுத்திருந்தன.

"கை," என்றாள் யூடித். "கையைத் தூக்குறா."

"எந்தக் கை?"

"ரெண்டும். அவங்களைத் தள்ளிவிடுறா. எந்திரிக்கப் பாக்குறா, விட மாட்டேங்கிறாங்க."

அவருடைய மூச்சு வெண்புகையாக நீளமாக வெளியே வந்தது.

கீழிருந்து ஒரு குரல் கேட்டது. மெல்லிய குரல்தான். ஆனால் அதில் கோபம் இருந்தது.

"அப்பா! என் ஸ்கீ எங்க? புதுசுப்பா அது! யாராவது எடுத்தாங்களா?"

கொடி ஒரு வீச்சு தவறியது. பிறகு மறுபடி ஆடத் தொடங்கியது.

"மாதாவே, நன்றி," என்றார் கொடிக்காரர், காட்டைப் பார்த்தபடியே. "ஸ்கீயைக் கேக்குறா. கேட்டியா? ஸ்கீயைக் கேக்குறா." கன்னத்தில் வழிந்ததைத் துடைக்க அவருக்குக் கை ஒழியவில்லை.

யூடித் தன் சறுக்குக்கோல்களைப் பனியில் குத்திவிட்டுக் கையை நீட்டினாள்.

"கொடியைக் குடுங்க. நீங்க உங்க பொண்ணுகிட்டப் போங்க."

"நீ மேல போகணும். உடனே போகலேன்னா மறுபடி ஓட விட மாட்டாங்க."

"தெரியும். குடுங்க."

அவள் கண்கள் காட்டின் விளிம்பில் நிலைக்கும்வரை அவர் கழியை விடவில்லை. பிறகு விட்டார். அவருடைய பூட்ஸ் சத்தம் அவள் முதுகுக்குப் பின்னால் சறுக்கியும் விழுந்தும் கீழே இறங்கியது.

"நன்றிங்க," என்றாள் யூடித், திரும்பாமல். அவர் காதில் விழுந்திருக்காது.

காடு முடியும் இடத்தில் ஒரு சிவப்புப் புள்ளி தோன்றி, வேகமாகப் பெரிதாகிக்கொண்டு வந்தது.

அவள் கொடியை உயர்த்தினாள்.