படாத உதை

சண்டைப் படங்களை எடிட் செய்தே தலை நரைத்தவள் அவள். முகத்துக்கு முன்னால் குத்து நின்றுவிடும் அந்தத் துளி இடைவெளியை வெட்டிவிட்டால், திரையில் அடி விழுந்த மாதிரியே இருக்கும்.

ஒரு நாள் ஸ்டண்ட்காரன் வீங்கிய தாடையோடு வந்தான். "ஷூட்டிங்ல என் மேல படவே இல்லக்கா. நீங்க வெட்டினதும்தான் வீங்குச்சு."

வெட்டியதைத் திரும்பச் சேர்த்தாள். வீக்கம் வடிந்தது.

கிளைமாக்ஸில் அவன் கழுத்துக்கு ஓர் உதை. "இடைவெளி தெரியுதேம்மா, வெட்டுங்க," என்றார் இயக்குநர்.

"என் வேலையே போனாலும் வெட்ட மாட்டேன் சார்."

மறுநாள் அந்த இடைவெளி தானாகவே குறைந்திருந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு பழையபடி சேர்த்தாள். அடுத்த நாளும் குறைந்திருந்தது.

படம் வெளிவந்து வருஷங்களாகிவிட்டன; தினமும் போய் அந்த இடைவெளியைச் சேர்ப்பதை மட்டும் அவள் நிறுத்தவில்லை. அவள் மகளின் கல்யாணத்தன்று காலையில் போன் வந்தது.

"அக்கா, கழுத்து லேசா இறுக்குது."

"அசையாம இருடா, இதோ எடிட்டிங் ரூமுக்குக் கிளம்பிட்டேன்," என்று செருப்பை மாட்டினாள்.