ஐஸும் சேர்த்து

"ரோலர் வேணும்னா ஐஸும் சேர்த்து எடுத்தாகணும் மேடம். தனித்தனியா குடுக்கற பேச்சே இல்ல."

கவியரசன் ஒப்பந்தத் தாளை மேஜையில் வைத்து, அதன்மேல் பேனாவையும் வைத்தார். வெளிநாட்டு ஸ்கேட்டுகளை இறக்குமதி செய்யும் சென்னை கம்பெனியின் விற்பனை மேலாளர். கர்நாடகாவுக்கு ஒரே ஏஜென்சி. யாருக்கு என்பதை இன்றே முடித்துவிட்டு அவர் சாயங்கால ரயிலைப் பிடிக்க வேண்டும்.

பாமா தன் கடையைச் சுற்றிப் பார்த்தாள். ஆஸ்டின் டவுனின் அந்தச் சின்னக் கடையில் பாதி அலமாரி காலி. சொந்தமாக வரவழைத்த சரக்கு துறைமுகத்திலேயே மாட்டிக்கொண்டது. சப்ளையர் பூட்ஸைத் தனியாகவும் சக்கரத்தைத் தனியாகவும் பேக் செய்து அனுப்பிவிட்டான். சக்கரம் மாட்டாத பூட்ஸ் வெறும் காலணிதானே, ஐ.எஸ்.ஐ. சான்று எங்கே என்று சுங்க அதிகாரிகள் நிறுத்திவிட்டார்கள். கோடை முகாம்கள் ஆரம்பிக்கப் போகின்றன. இந்த ஏஜென்சி கிடைக்காவிட்டால் ஷட்டரை இழுத்து மூட வேண்டியதுதான்.

"சார், பெங்களூர்ல ஐஸ் எங்க இருக்கு? மால்ல ஒரு ரிங்க். அங்க அவங்களே வாடகைக்கு ஸ்கேட் குடுத்துடறாங்க. என்கிட்ட வாங்கிட்டுப் போய் ஜூஸ் கடை ஐஸ்லயா ஓட்டுவாங்க?"

"அது உங்க சாமர்த்தியம். பத்து ஜோடி ரோலருக்கு நாலு ஜோடி ஐஸ். கம்பெனி ரூல்."

"போன தடவை ஏஜென்சி எடுத்தவரு இந்த ரூலாலதான் காணாமப் போனாரு. அவரு குடோன்ல ஐஸ் ஸ்கேட் இன்னும் துருப்பிடிச்சுக் கிடக்கு."

அந்த நேரம் பார்த்துப் பச்சைச் சுடிதார் பெண்மணி ஒருவர் உள்ளே வந்து, ஏற்கெனவே பார்த்து வைத்த சிவப்பு ஸ்கேட்டைக் காட்டி, "ஸ்வல்ப கம்மி பண்ணுங்க மேடம். அல்சூர்ல டெஸ்மண்ட் கடையில இதைவிடக் கம்மியாம்" என்றார்.

அந்தப் பெயரைக் கேட்டதும் பாமாவின் முகம் இறுகியது.

"தாராளமா அங்கேயே போய் வாங்கிக்கங்க. நாலே நாள்ல சக்கரம் தனியா, பூட்ஸ் தனியா கழண்டு வரும். அப்புறம் ரிப்பேருக்கு இங்கதான் வரணும்."

அந்தப் பெண்மணி முகத்தைச் சுளித்துக்கொண்டு ஆட்டோ பிடித்துப் போனார். கவியரசனுக்குச் சிரிப்பு வந்தது. அவர் தேடிக்கொண்டிருந்த துருப்புச் சீட்டு கையில் கிடைத்துவிட்டது.

"டெஸ்மண்ட்னா உங்களுக்கு அவ்வளவு கோவமா?"

"அந்த ஆளு பேரை என் வாயால சொல்ல வைக்காதீங்க சார். வாயைத் திறந்தா பெருமை. இத்தனை வருஷமா பார்த்துக்கிட்டுத்தான் இருக்கேன்."

"காலையில அவர் கடைக்குத்தான் போயிருந்தேன்." கவியரசன் குரலைத் தாழ்த்தினார். "ஐஸையும் சேர்த்து எடுத்துக்கறேன்னு ஒரே பேச்சுல ஒத்துக்கிட்டாரு. நீங்க முடியாதுன்னா நேரா அங்க போய்க் கையெழுத்து வாங்கிடுவேன்."

பாமாவின் பார்வை மேஜைமேல் கிடந்த ஃபோனுக்குப் போய்த் திரும்பியது. உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"அப்ப அவருக்கே குடுத்துடுங்க."

"என்ன சொன்னீங்க?"

"ஒரு ஜோடி ஐஸ்கூட எடுக்க மாட்டேன். ரோலர் மட்டும்னா இப்பவே கையெழுத்து. இல்லேன்னா கடையை மூடிட்டுப் போறேன்."

"யோசிச்சுப் பேசுங்க மேடம். நாளைக்கு அழுது பிரயோஜனம் இல்ல."

"யோசிச்சுட்டேன்."

கவியரசன் தாளை மடித்துப் பையில் வைத்தார். ஜிப்பை இழுத்தார். எழுந்து வாசலுக்கு நடந்தார். இப்போது கூப்பிடுவாள் என்று எதிர்பார்த்தவர் போல அவர் நடை தளர்ந்தது. பாமா கூப்பிடவில்லை. அவர் படியில் இறங்கினார். கார் கதவைத் திறந்தார். நிஜமாகவே ஏறிப் போய்விட்டால்?

கதவு திறந்தபடியே நின்றது. உள்ளே ஏறாமல் யாருக்கோ ஃபோன் செய்தார். தலையைச் சொறிந்தார். பிறகு கதவை அறைந்து சாத்திவிட்டுத் திரும்பி வந்தார்.

"உங்களை மாதிரிப் பிடிவாதக்காரங்களை நான் பார்த்ததே இல்ல மேடம். மேலிடத்துல உங்களுக்காகக் கெஞ்சி வாங்கியிருக்கேன்."

ஐஸ் ஸ்கேட் பற்றிய வரியைப் பேனாவால் அடித்தார். பாமா இரண்டு முறை படித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டாள்.

"டெஸ்மண்ட் வயிறு எரிவாரு," என்றார் கவியரசன், தோற்றதை மறைத்துக்கொண்டு.

"எரியட்டும் சார். நல்லா எரியட்டும்."

கார் தெருமுனையில் திரும்பி மறைந்த பிறகுதான் பாமா நாற்காலியில் சாய்ந்தாள். ஃபோனை எடுத்தாள்.

"ஏங்க, ஐஸ் இல்லாம முடிஞ்சுது. நாளைக்கு வர்ற சரக்குல பாதியை உங்க கடைக்கு ஏத்திடுங்க. காலையில நீங்க முடியாதுன்னு சொல்லி அனுப்பினது எனக்குத் தெரியாதுன்னு நெனச்சு மனுஷன் என்னமா கதை விட்டாரு தெரியுமா! வர்றப்ப நம்ம ரக்ஷாவை ட்யூஷன்ல இருந்து கூட்டிட்டு வந்துடுங்க."

"கூட்டிட்டு வர்றேன்" என்றார் டெஸ்மண்ட். "அந்தப் பச்சைச் சுடிதார் அம்மா இப்பதான் சிவப்பு ஸ்கேட் வாங்கிட்டுப் போச்சு. நாலே நாள்ல என் சக்கரம் கழண்டுடும்னு சொன்னியாமே... ராத்திரிக்கு எனக்குச் சோறு உண்டா, இல்லையா?"