பன்னிரண்டு பாகை

இரண்டாயிரம் தப்படி நடந்தும் லோரிப் பாதை வரவில்லை. ஆயிரத்து இருநூறிலேயே வந்திருக்க வேண்டும்.

கோப்ரல் தனேஷ் திசைகாட்டியை உள்ளங்கையில் மட்டமாகப் பிடித்து மறுபடி பார்த்தான். ஊசி சொன்ன மேற்கில்தான் வந்திருக்கிறார்கள்.

உலு லங்காட்டின் இந்தக் காட்டில் முகட்டில் ஏறினால் கோலாலம்பூர் கோபுரங்கள் தெரியும். பள்ளத்தில் பத்தடிக்கு அப்பால் வெறும் இலைதான். சூரியன் தெரியாது. வாக்கிடாக்கியும் எட்டாது.

பின்னால் நான்கு பேர், இரண்டு கழிகளில் கட்டிய மழைத்துணியில் குருவைத் தூக்கி வந்தார்கள். ரோந்தின் நடுவில் புழுக்கம் தாங்காமல் சுருண்டு விழுந்தவன். வேர்வை நின்றுபோய் உடம்பு கொதித்தது. பாதை முடியும் இடத்தில், முகட்டிலிருந்தே பேசி வரவழைத்த ஆம்புலன்ஸ் காத்திருந்தது.

"டேய் தனேஷ், நீ காட்டுற வழியில போனா நேரா கிள்ளான்லதான் போய் நிப்போம் லா. எங்கம்மாகிட்ட சொல்லு, நண்டு வாங்கி வைக்கட்டும்," என்றான் குரு, மழைத்துணியில் கிடந்தபடி.

"வாய மூடிட்டுத் தண்ணியக் குடி."

ஊசி ஒரு சிறிய காந்தம். அருகில் எஃகு இருந்தால் இழுபடும். பன்னிரண்டு பாகை பிசகினால் போதும், ஆயிரம் தப்படிக்கு இருநூறு தப்படி விலகிவிடும். அதனால்தான் திசை பார்க்கும்முன் தன் துப்பாக்கியைக் கழற்றிக் கொடுத்துவிட வேண்டும் என்று பயிற்சியில் சொல்லித்தருவார்கள்.

தனேஷ் ஒவ்வொரு முறையும் சார்ஜன் ரம்லியிடம் கொடுத்தான். இப்போது கத்தி, டார்ச், இடுப்பு வார் எல்லாவற்றையும் தள்ளி வைத்தான். ஊசி அசையவில்லை.

அதற்குள் குருவின் பேச்சு நின்றிருந்தது.

தனேஷ் மண்டியிட்டு அவன் மார்பில் காது வைத்தான். ஒரு நிமிடம் முழுதாக எண்ணினான். பிறகு இன்னொரு நிமிடம். ஒரு துடிப்பும் கேட்கவில்லை.

ரம்லி குனிந்து, தனேஷின் மார்பில் குறுக்கே கிடந்த துப்பாக்கியை மெல்லக் கழற்றி எடுத்துக்கொண்டு விலகினார். அது குருவுடையது. விழுந்தவனின் துப்பாக்கியை அவனுடைய ஜோடிதான் சுமக்க வேண்டும். காணாமல் போனால் இருவருக்கும் தண்டனை. குரு விழுந்ததிலிருந்து தனேஷ் அதைக் கை மாற்றவே இல்லை.

கையிலிருந்த திசைகாட்டியின் ஊசி தானாகத் திரும்பி, பன்னிரண்டு பாகை தள்ளி நின்றது.

பாதை வலப்புறம் நானூறு தப்படியில் இருந்தது. திசை பார்க்கும்போது இரண்டு துப்பாக்கிகளையும் கழற்றிக் கொடுத்துவிட வேண்டும்.