மூடிய முகம்

பின்பனிக் காலத்து விடியல். கதிரவன் எழுந்தும் ஒளி இறங்கவில்லை. மரமும் மதிலும் தெருவும் ஒரே வெண்போர்வைக்குள் தவம் இருந்தன. எதிரே வருபவரின் முகம் தெரியவில்லை. அவருடைய இருமல் மட்டும் தெளிவாகக் கேட்டது.

அந்தப் பனியைக் கடந்து, ஓராண்டுக்குப் பின், ஆவணப்பட இயக்குநர் தன் படக்குழுவோடு தையற்காரியின் வீட்டுக்கு வந்திருந்தார். சாயப்பட்டறை ஆற்றில் கலக்கும் நஞ்சைப் பற்றி முந்தைய படத்தில் பேசியவன் அவள் ஒரே மகன். படம் வெளியான வாரமே காவலர்கள் அவனைக் கொண்டுபோயினர். இன்றுவரை இருக்குமிடம் தெரியவில்லை.

“முகத்தை மறைச்சுத்தானே காட்டினீங்க தம்பி?”

“சத்தியமா அம்மா. அவன் குரலைக்கூட மாத்தினோம். உங்க கையை மட்டும்தான் காட்டினோம். நீங்க படம் பாக்கலையா?”

“எங்க போய்ப் பாக்க? அதான் இங்க தடை போட்டுட்டாங்களே.”

“அப்ப யாரோ காட்டிக்கொடுத்திருக்காங்க,” என்றார் இயக்குநர். ஒலிப்பதிவாளர் தரையைப் பார்த்தார்.

“யாரோ என்ன யாரோ! பட்டறை ஆளுங்களை வரிசையா நிக்க வெச்சு, பின்னாலேருந்து ‘கட்டெறும்பு’ன்னு கூப்பிட்டாங்களாம். பாவி, இவன் ஒருத்தன்தான் திரும்பினான். அது வீட்டுக்குள்ள கூப்பிடுற பேரு. தெரிஞ்சது ரெண்டே பேருக்கு. நான் சொல்லலை. மிச்சம் யாரு?”

வாசலுக்கு வெளியே, பனியில், மருமகள் கைக்குழந்தையோடு நின்றிருந்தாள்.

“அத்தை, பிள்ளைக்குக் குளிருது. அவனை மட்டுமாவது உள்ள வாங்கிக்குங்க.”

“புருஷனை வித்தவளுக்கு இந்த வாசல்ல என்னடி வேலை? போ!”

இயக்குநர் ஒளிப்பதிவாளரின் காதருகே குனிந்தார். “அந்தப் பொண்ணையும் ஃபிரேமுக்குள்ள வெச்சுக்கோ. கதவைச் சாத்த விடாதே.”

பிறகு தாயின் பக்கம் திரும்பினார், குரல் குழைந்தது.

“கடைசி ஷாட்தான் அம்மா. போன படம் முடியுற இடம் ஞாபகம் இருக்கா? மகன் வேலைக்குக் கிளம்புறப்போ சாமி கும்பிட்டு வாழ்த்தி அனுப்பினீங்களே, அதேதான். ஒரு வார்த்தைகூட மாத்திடாதீங்க. அதைக் கேட்டுட்டுத்தான் அரங்கமே எழுந்து நின்னு கைதட்டுச்சு.”

“தினம் சொன்னதுதானே தம்பி. மறக்குமா?”

அவள் விளக்கின் திரியைத் தூண்டினாள். கண் மூடி, கை கூப்பி நின்றாள். வெளியே குழந்தையின் அழுகை தேய்ந்து அடங்கிற்று. பின்னர், மகன் வழக்கமாகக் குனிந்து நிற்கும் இடத்தில், இல்லாத தலையொன்றை உள்ளங்கையால் மெல்லத் தடவினாள்.

“போய்ட்டு வாடா, கட்டெறும்பு. நூறு வயசு இரு.”