பிரையனின் பண்ணை

ஜெலுத்தோங் வட்டார மாதா கோயில் கமிட்டித் தலைவர் ஆரோக்கியநாதன், நேர்மையைப் பற்றி மைக் இல்லாமலே ஒரு மணி நேரம் பேசக்கூடியவர். மகன் பிரையன் கணினியில் பண்ணை விளையாட்டு விளையாடும்போது, நினைவகத்தைத் திருத்தும் மென்பொருளால் காசைக் கூட்டிக்கொள்வான். "இது திருட்டுடா!" என்று அறை வாசலில் நின்று முழங்குவார். பக்கத்தில் உட்கார்ந்து ஒருநாளும் பார்த்ததில்லை.

மோட்டார் விபத்தில் பிரையன் இறந்த பிறகு, அதே மென்பொருளை அவரே கற்றுக்கொண்டார். ஞாயிறு பூசை முடிந்து வந்ததும் மகனின் பண்ணையில் பத்தாயிரம் காசு போடுவார். விளையாடத் தெரியாது, போடுவதோடு சரி.

"அவன் செஞ்சா திருட்டு, நீங்க செஞ்சா பாக்கெட் மணியாப்பா?" என்றாள் மகள் ஷெரில்.

"சும்மா இருலா."

அந்தக் கணினிக்கு இணையம் கிடையாது. கடவுச்சொல் அவருக்கு மட்டும்தான் தெரியும். இந்த ஞாயிறு திறந்தபோது காசு குறைந்திருந்தது. ஷெரிலைக் கூப்பிட்டுக் காட்டினார்.

"நாற்காலி வாங்கியிருக்குப்பா."

பண்ணைவீட்டு வாசலில், விளையாட்டில் பிரையனாக வரும் பொம்மை வழக்கம்போல் உட்கார்ந்திருந்தது. பக்கத்தில் புது நாற்காலி ஒன்று, காலியாக.

ஆரோக்கியநாதன் பிரையனின் இருக்கையிலிருந்து எழுந்தார். சாப்பாட்டு மேசை நாற்காலியைக் கொண்டுவந்து அதன் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தார்.

விசைப்பலகையை யாரும் தொடவில்லை. பொம்மை எழுந்து, செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றப் போனது.