தெம்பு ஊசி

"இதே மருந்துல ஒண்ணு குடு தம்பி. எனக்குத்தான்."

முந்தானை முடிச்சை அவிழ்த்து, கழுத்து உடைந்த கண்ணாடிக் குப்பியை மருந்துக்கடை மேஜைமேல் வைத்தாள் அந்த அம்மாள். தலை முழுக்க நரை, உள்ளங்கை முழுக்கக் காய்ப்பு.

கடைக்காரர் குப்பியைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், சிரிப்பை அடக்கிக்கொண்டார். "உங்களுக்கா? இந்த வயசுல இது எதுக்கும்மா?"

"நீயும் எங்க சூளை கம்பவுண்டர் மாதிரியே பேசு. சின்னவளுங்களுக்கு மட்டும் மாசாமாசம் தெம்பு ஊசி. என்னைக் கண்டா, 'உனக்கு வேணாம், தள்ளு'ங்கிறான். நான் மட்டும் என்ன பஞ்சு மூட்டையா தூக்குறேன்? அதே செங்கல்தானே!"

சூளையில் அவளும் மருமகளும் ஒரு ஜோடி. நாலு கைப்பிடி வைத்த பலகையில் கல்லை அடுக்கி, முன்னால் ஒருத்தி பின்னால் ஒருத்தியாகத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டும். சேர்ப்பதும் ஜோடியாகத்தான், நிறுத்துவதும் ஜோடியாகத்தான். ஒருத்தி படுத்துவிட்டால் மற்றவளும் வீட்டுக்குப் போக வேண்டியதுதான்.

அந்த ஜோடி இன்றோடு முறிகிறது. கல்யாணமாகி இத்தனை வருஷமாகியும் மருமகள் வயிற்றில் ஒரு புழு பூச்சி இல்லை. மாமியார் வாயில் அவள் விழாத நாளும் இல்லை. மகனுக்கு வேறு இடத்தில் பெண் பேசியாயிற்று; அவன் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தானே தவிர, வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. மருமகள் துணி மூட்டையோடு எதிரே பஸ் நிறுத்தத்தில் இருக்கிறாள், தாய்வீட்டுக்குப் போக.

"புதுசா வர்றவ கட்டுமஸ்தா இருக்கா தம்பி. அவ ஓட்டத்துக்கு நான் ஈடுகுடுக்க வேணாமா? அதான் குப்பையைக் கிளறி இதை எடுத்தேன். பேரு என்னமோ, யாரு வாய்லயும் நுழையலை."

"அல்ஜெஸ்டோன் அசிட்டோஃபெனைடு." கடைக்காரர் முகத்தில் இப்போது சிரிப்பு இல்லை. "இதைத் தெம்புக்குன்னு சொல்லியா போடுறாங்க?"

"அப்படின்னா என்ன அர்த்தம்?"

"அந்தப் பேரை ரெண்டு துண்டா பாருங்க. கருவைத் தாங்குறதுக்குன்னு பொம்பளை உடம்புல தானா ஒண்ணு ஊறும். அதைப் பார்த்து ஆலையில செஞ்ச சரக்குதான் முன்துண்டு. போட்ட ஊசி சட்டுனு கரைஞ்சு போகாம மாசம் பூரா உடம்புலயே தங்கவைக்கிறது பின்துண்டு."

அவளுக்கு முகம் மலர்ந்தது. "கருவைத் தாங்குறதா? நல்லதுதானே! என் மருமகளுக்கும் தங்கணும்னுதானே…"

"மருந்துதாம்மா தங்கும். கரு தங்காது." அவர் குரலைத் தாழ்த்திக்கொண்டார். "உள்ள ஏற்கெனவே கரு இருக்குன்னு உடம்பை நம்பவெச்சு, புதுசா ஒண்ணு உருவாகவே விடாது. இது பிள்ளை உண்டாகாம இருக்கப் போடுற ஊசி. வேலை செய்யிற பொம்பளைங்க லீவு போடக்கூடாதுன்னு போடுறானுங்க போல."



மாசாமாசம் வரிசையில் மருமகளை முதுகில் கைவைத்து முன்னால் தள்ளியவள் அவள்தான். 'போடி, முந்திப் போட்டுக்க. உடம்புல தெம்பிருந்தாத்தான் வயித்துல நிக்கும்.' அந்தப் பெண் ஒரு நாளும் எதற்கென்று கேட்டதில்லை. கையை நீட்டிவிட்டு வேறு பக்கம் பார்த்துக்கொள்வாள்.

"நிறுத்திட்டா, தம்பி?"

"நிறுத்தினா சில மாசத்துல உடம்பு பழையபடி ஆயிடும். அப்புறம் உண்டாக வாய்ப்பு இருக்கும்மா."

குப்பியை அங்கேயே விட்டுவிட்டு ஓடினாள். லாரிக்காரன் ஹாரனை அழுத்தி, "சாகுறதுக்கு என் வண்டிதான் கிடைச்சுதா!" என்று கத்தினான். அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

மாமியார் ஓடி வருவதைக் கண்டு மருமகள் எழுந்து நின்றாள். திட்டு வாங்கிப் பழகியவர்கள் நிற்கிற நிற்பு அது, தலை கொஞ்சம் தாழ்ந்து.

"உன்மேல குத்தமே இல்லடி! பாவிப்பய, தெம்பு ஊசின்னு சொல்லி உன் வயித்தைக் கட்டிட்டான்டி! நானும் ஒரு கூறுகெட்டவ, பிடிச்சுப் பிடிச்சுத் தள்ளிவிட்டேனே!" மூச்சு வாங்கியது. மூட்டையைப் பிடுங்கித் தன் இடுப்பில் வைத்துக்கொண்டாள். "வா, வீட்டுக்குப் போலாம். பொண்ணு வீட்டுக்காரங்க கால்ல நான் விழுந்துக்கிறேன். இனிமே அந்த ஊசி வேணாம். எல்லாம் சரியாயிடுமாம்டி."

மருமகள் நகரவில்லை. சாலையின் கோடியில் பஸ் திரும்பியது.

"எனக்குத் தெரியும் அத்தை."

"என்ன தெரியும்?"

"முதல் தடவையே கம்பவுண்டர் காதோட சொல்லிட்டாரு. வேணாம்னா போட்டுக்க வேணாம், ஆனா உண்டானா வேலை போயிடும்னாரு."

"தெரிஞ்சேவா கையை நீட்டினே? நான் கண்ட கண்ட பேச்செல்லாம் பேசினேனே, அப்பகூட வாயைத் திறக்கலையேடி! அந்தப் பாழாப்போன சூளை வேலை உனக்கு அவ்வளவு பெருசாப் போச்சா?"

பஸ் வந்து நின்றது. மருமகள் மாமியாரின் இடுப்பிலிருந்து மூட்டையை மெல்ல வாங்கிக்கொண்டாள். கலைந்து கிடந்த முந்தானையை எடுத்து அவள் தோளில் சரியாகப் போட்டுவிட்டாள். படியில் கால் வைத்த பிறகுதான் திரும்பினாள்.

"நான் வயித்தைத் தள்ளிக்கிட்டு வீட்ல உக்காந்தா, உங்களை யாரு அத்தை ஜோடி சேத்துக்குவா?"